செங்கல்லைக் கையில் எடுத்துவிட்டு அப்புறம் கோடு போடுங்கள்

முதலாம் ஆண்டு மாணவி ஒருவர் வரைந்து கொண்டுவந்த வீட்டு வரைபடத்தில் எல்லாச் சுவரும் 200 மில்லிமீட்டர் தடிமன். "இது என்ன சுவர்?" என்று கேட்டேன். "செங்கல்" என்றார். "கல் என்ன அளவு?" அதற்குப் பதில் இல்லை. மேசை மேல் கிடந்த செங்கல்லைக் கொடுத்து அளக்கச் சொன்னேன். நீளம் 230, அகலம் 110, உயரம் 70. இந்தக் கல்லை ஒற்றையாக அடுக்கினால் சுவர் 110. இரண்டாக அடுக்கி நடுவில் 10 மி.மீ. கலவை வைத்தால் 230. எப்படிப் புரட்டி வைத்தாலும் இதில் 200 வராது. அவர் அன்றே உட்கார்ந்து படம் முழுவதையும் திருத்தினார். அறைகளின் உள்ளளவு மாறியது, படிக்கட்டுக்கு இடம் போதாமல் போனது, கடைசியில் ஒரு அறையையே நகர்த்த வேண்டியிருந்தது.

கட்டடக்கலை படிக்க வருகிறவர்களிடம் நான் முதலில் சொல்வது இதைத்தான். பொருளைக் கையில் எடுங்கள். எடை பாருங்கள், நனையுங்கள், கீறுங்கள், முடிந்தால் உடைத்தும் பாருங்கள். அப்புறம் கோடு போடுங்கள். அதை எப்படிச் செய்வது என்று, நான் மாணவர்களோடு செய்து பார்த்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

செங்கல்லில் தொடங்குங்கள்

இரண்டு கல்லை எடுத்து ஒன்றோடொன்று தட்டுங்கள். நன்றாக வெந்த கல் கணீரென்று ஒலிக்கும். வேகாத கல்லில் சத்தம் அமுங்கிப் போகும். நகத்தால் அழுத்திக் கீறுங்கள், கோடு விழக்கூடாது. ஒரு மீட்டர் உயரத்திலிருந்து மண் தரையில் தட்டையாக விழ விடுங்கள்; உடையக்கூடாது. ஒரு கல்லை உடைத்து உள்ளே பாருங்கள். நிறம் ஒரே சீராக, ஓட்டையோ சுண்ணாம்புக் கட்டியோ இல்லாமல் இருக்க வேண்டும். அந்தச் சுண்ணாம்புக் கட்டிதான் பின்னால் ஈரத்தில் உப்பி, பூச்சைத் தள்ளிக் கொண்டு வெளியே வரும்.

அடுத்து ஒரு தராசு, ஒரு வாளித் தண்ணீர். நன்றாகக் காய்ந்த கல்லை நிறுத்து, 24 மணி நேரம் தண்ணீரில் மூழ்க வைத்து, துடைத்துவிட்டு மறுபடி நிறுங்கள். 3 கிலோ இருந்த கல் 3.45 கிலோ ஆனால் அது தன் எடையில் 15 சதவீதம் தண்ணீர் குடித்திருக்கிறது. 20 சதவீதத்துக்கு மேல் போனால் சாதாரணச் சுவருக்கும் அந்தக் கல் வேண்டாம். கட்டுவதற்கு முன் கல்லை நனைக்கச் சொல்வது ஏன் என்பது இந்த ஒரு சோதனையிலேயே புரிந்துவிடும். காய்ந்த கல்லைக் கலவை மேல் வைத்தால், கலவை இறுகுவதற்கு வேண்டிய தண்ணீரைக் கல் உறிஞ்சிவிடும். பிறகு அந்தக் கலவை வெறும் மணல்தான். விரலால் தேய்த்தால் உதிரும்.

இனி வரைபடத்துக்கு வருவோம். ஒரு கல்லும் ஒரு கலவை இணைப்பும் சேர்ந்தால் 230 + 10 = 240. இரண்டு சன்னலுக்கு நடுவே நிற்கும் சுவர்த்துண்டில் கல்லை விட இணைப்பு ஒன்று குறைவு. ஆக மூன்று கல் என்றால் 3 × 240 - 10 = 710. திறப்பில் நேர்மாறாக ஒரு இணைப்பு கூடுதல்; நான்கு கல் அகலத் திறப்பு 4 × 240 + 10 = 970. உயரத்துக்கும் இதே கணக்கு. ஒரு வரி 70 + 10 = 80. கதவுத் திறப்பை 2,100 என்று எழுதினால் 26 வரிக்கு மேல் 20 மி.மீ. துண்டு விழும். 2,080 என்று எழுதினால் முழுசாக 26 வரி. உங்களுக்குக் கிடைக்கும் கல்லின் அளவு வேறாக இருக்கலாம், கணக்கு மாறாது. பூசாமல் விடும் சுவரில் இதைச் செய்யாவிட்டால் கொத்தனார் ஒவ்வொரு ஓரத்திலும் கல்லை வெட்டித்தான் ஆக வேண்டும், அந்த வெட்டு எப்போதும் கண்ணில் பட்டுக் கொண்டே இருக்கும்.

கல் அடுக்கும் முறையைப் படத்தைப் பார்த்து மனப்பாடம் செய்யாதீர்கள். அதே விகிதத்தில் நாற்பது மரத்துண்டுகள் வெட்டி வைத்துக் கொள்ளுங்கள். சுவரின் நீளத்தோடு போகும் கல் ஸ்ட்ரெச்சர், சுவருக்குக் குறுக்கே தலையை நீட்டிக் கிடப்பது ஹெட்டர். ஒரு வரி முழுக்க ஸ்ட்ரெச்சர், அடுத்த வரி முழுக்க ஹெட்டர் என்று மாற்றி மாற்றி வைத்தால் இங்கிலிஷ் பாண்ட். ஒரே வரிக்குள் ஒன்றுவிட்டு ஒன்றாக வைத்தால் ஃபிளெமிஷ் பாண்ட். நேர்ச்சுவர் எளிதாக வந்துவிடும். மூலைக்கு வரும்போதுதான் கை நிற்கும். கீழ் வரி இணைப்பின் மேல் மேல் வரி இணைப்பு நேராக வந்து உட்காரும். அதைத் தவிர்க்க, மூலைக் கல்லை அடுத்து நீளவாக்கில் பாதியாக வெட்டிய ஒரு துண்டு வைக்க வேண்டும். அதன் பெயர் குயின் க்ளோசர். மரத்துண்டு வைத்து ஒரு முறை நீங்களாகவே இதைக் கண்டுபிடித்துவிட்டால் பிறகு மறக்காது.

கலவையைப் பற்றி ஒன்று. சிமெண்ட் அதிகம் போட்டால் சுவர் பலமாகும் என்று பலர் நினைக்கிறார்கள். 230 சுவருக்கு ஒரு பங்கு சிமெண்ட்டுக்கு ஆறு பங்கு மணல், 110 சுவருக்கு நான்கு பங்கு என்பது வழக்கம். கலவை கல்லை விடக் கொஞ்சம் மென்மையாக இருப்பதே நல்லது. சுவர் அசையும்போது விரிசல் இணைப்போடு போனால் சுரண்டிப் பூசிவிடலாம். கல்லைப் பிளந்து கொண்டு போனால் ஒன்றும் செய்ய முடியாது. பழைய சுண்ணாம்புக் கலவைச் சுவர்கள் சின்னச் சின்ன அசைவுகளைத் தாங்கிக் கொண்டதற்கும் இந்த மென்மை ஒரு காரணம்.

சிமெண்ட் காய்வதில்லை

இங்கிலாந்துக் கொத்தனார் ஜோசப் ஆஸ்ப்டின் 1824-இல் போர்ட்லண்ட் சிமெண்ட்டுக்குக் காப்புரிமை வாங்கி இரண்டு நூற்றாண்டு ஆகிவிட்டது. ஆனாலும் "கான்கிரீட் காய்ந்துவிட்டதா?" என்றே கேட்கிறோம். கான்கிரீட் காய்ந்து இறுகுவதில்லை. சிமெண்ட்டும் தண்ணீரும் வேதிவினை புரிந்து புதுப் பொருளாக மாறுகின்றன; தண்ணீர் இருக்கும்வரை அந்த வினை நடக்கும். தண்ணீர் ஆவியாகிப் போனால் வினை பாதியில் நின்றுவிடும். க்யூரிங் என்று வாரக்கணக்கில் ஈரமாக வைப்பது கான்கிரீட்டைக் குளிர்விக்க அல்ல, வினை முடிய அவகாசம் கொடுக்க. குறைந்தது 7 நாள். வெயிலும் காற்றும் கடுமையாக இருந்தால், சாம்பல் கலந்த சிமெண்ட்டாக இருந்தால், 10 நாளோ அதற்கு மேலோ.

அதே தண்ணீர் கலக்கும்போது அதிகமானால் எதிரி. அமெரிக்க ஆய்வாளர் டஃப் ஏப்ரம்ஸ் 1918-இல் காட்டியது இதைத்தான்: சிமெண்ட்டின் எடைக்குத் தண்ணீரின் எடை எத்தனை பங்கு என்ற விகிதம் ஏற ஏற கான்கிரீட்டின் பலம் இறங்கும். 50 கிலோ மூட்டைக்கு 25 லிட்டர் தண்ணீர் என்றால் விகிதம் 0.5. வார்ப்பதற்கு எளிதாக இருக்கட்டும் என்று ஒரு 10 லிட்டர் வாளியை யாராவது சேர்த்து ஊற்றினால் 0.7. பலம் மூன்றில் ஒரு பங்குக்கும் மேல் போய்விடும். வினைக்குப் பயன்படாத தண்ணீர் ஆவியாகும்போது, அது இருந்த இடமெல்லாம் நுண்துளை. மழைநீரும் காற்றும் கம்பிவரை போவதற்கு அந்தத் துளைகள்தான் வழி.

வீட்டிலேயே செய்து பார்க்க ஒரு சோதனை. கையுறை போட்டுக் கொள்ளுங்கள். ஈரச் சிமெண்ட் காரமானது, தோலை அரித்துவிடும். ஒரு பங்கு சிமெண்ட், மூன்று பங்கு மணல். அதை மூன்றாகப் பிரித்து, ஒன்றைக் கெட்டியாகவும் ஒன்றை நடுத்தரமாகவும் ஒன்றைக் கூழாகவும் கலந்து, ஒவ்வொன்றிலும் இரண்டு காகிதக் கோப்பை நிரப்புங்கள். மறுநாள் காகிதத்தைக் கிழித்துவிட்டு, ஒவ்வொரு ஜோடியிலும் ஒன்றைத் தண்ணீரிலும் ஒன்றை வெயிலிலும் வையுங்கள். ஏழாம் நாள் ஆறையும் வரிசையாக வைத்து ஆணியால் கீறுங்கள். கெட்டியாகக் கலந்து தண்ணீரில் கிடந்ததில் ஆணி வழுக்கிக் கொண்டு போகும். கூழாகக் கலந்து வெயிலில் கிடந்ததில் ஆணி இறங்கும், மேலே தூசி எழும். என் மாணவர்கள் இந்த ஆறு துண்டுகளையும் படிப்பு முடியும்வரை மேசையில் வைத்திருக்கிறார்கள்.

மணலுக்கும் ஒரு கண்ணாடிக் குடுவை போதும். லேசாக ஈரமான மணலை 200 மி.மீ. உயரத்துக்குத் தளர்வாகக் கொட்டி, பிறகு தண்ணீர் ஊற்றி அது முழுவதும் மூழ்கும்படி கிளறிவிடுங்கள். மணல் அப்படியே கீழிறங்கி 160-இல் நிற்கலாம். அப்படியென்றால் ஈரத்தில் அது 25 சதவீதம் உப்பியிருந்தது. பெட்டியால் அளந்து மணல் போடும் இடத்தில் இதைக் கணக்கில் எடுக்காவிட்டால் நினைத்ததை விடக் குறைந்த மணல்தான் விழும். குடுவையைக் குலுக்கி மூன்று மணி நேரம் விட்டால் மேலே வண்டல் ஒரு அடுக்காகப் படியும். அந்த அடுக்கு மணலின் உயரத்தில் 8 சதவீதத்தைத் தாண்டினால் மணலைக் கழுவாமல் பயன்படுத்தக்கூடாது.

கம்பி எங்கே, ஏன்

கான்கிரீட்டை அழுத்தினால் தாங்கும், இழுத்தால் தாங்காது. இழுவிசையில் அதன் பலம் சுமார் பத்தில் ஒரு பங்குதான். அந்தக் குறையைத் தீர்க்கத்தான் கம்பி. இரண்டும் சேர்ந்து வேலை செய்வதற்கு இயற்கையே இடம் கொடுத்திருக்கிறது. வெப்பத்தில் இரண்டும் ஏறத்தாழ ஒரே அளவு விரிகின்றன, கான்கிரீட்டின் காரத்தன்மை கம்பியைத் துருப்பிடிக்காமல் காக்கிறது.

ஒரு நீளமான ஸ்பாஞ்சின் பக்கவாட்டில் செங்குத்துக் கோடுகள் வரையுங்கள். இரண்டு முனையையும் தாங்கலில் வைத்து நடுவில் அழுத்துங்கள். மேலே கோடுகள் நெருங்கும், கீழே விலகும். விலகும் பக்கம்தான் கம்பிக்கு இடம். இப்போது ஒரு முனையை மட்டும் பிடித்து மறுமுனையைத் தொங்க விடுங்கள். விலகுவது மேல்பக்கம். பால்கனிக்கும் சன்ஷேடுக்கும் முதன்மைக் கம்பி மேலே இருக்க வேண்டும் என்பதை இதற்குப் பிறகு யாரும் உங்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

இதை நான் கண்ணால் பார்த்து வருந்திய இடம் ஒன்று உண்டு. வேலைக்குச் சேர்ந்த புதிதில், 120 மி.மீ. தடிமனில் 1.2 மீட்டர் நீட்டிய ஒரு பால்கனி. கம்பியைச் சரியாக மேலேதான் கட்டியிருந்தார்கள். ஆனால் அதைத் தூக்கி நிறுத்தும் சேர் கம்பிகள் போதவில்லை. கான்கிரீட் கொட்டும்போது ஆட்கள் அதன் மேலேயே நடந்தார்கள். கம்பி அமுங்கிக் கொண்டே போனது. நான் பக்கத்தில் நின்று தடிமனை அளந்து கொண்டிருந்தேன், கம்பியைப் பார்க்கவில்லை. கான்கிரீட்டைத் தாங்கியிருந்த அச்சுப் பலகையைப் பிரித்த அன்று சுவரை ஒட்டி, மேல்பக்கத்தில், பால்கனியின் முழு அகலத்துக்கும் மெல்லிய விரிசல் ஒன்று ஓடியது. வெட்டிப் பார்த்தால் கம்பி 50 மி.மீ. கீழே கிடந்தது. அடிப்பக்கத்திலிருந்து கம்பி மையம்வரை 95 மி.மீ. இருக்க வேண்டியது 45 ஆகியிருந்தது. தாங்கும் திறனில் பாதிக்கு மேல் காணோம். இடித்துவிட்டு மறுபடி போட்டோம். அன்றிலிருந்து கான்கிரீட் கொட்டும்போது என் கண் கம்பியை விட்டு அகலுவதில்லை. நடக்கப் பலகைப் பாதை போட்டிருக்கிறதா என்பதை முதலில் பார்க்கிறேன்.

கம்பிக்கும் வெளிப்பரப்புக்கும் நடுவே இருக்கும் கான்கிரீட்டின் தடிமன்தான் கவர். தளத்துக்கு 20, தூணுக்கு 40, அடித்தளத்துக்கு 50 மி.மீ. என்பது பரவலான அளவு. கடற்கரையிலோ உப்பு மண்ணிலோ இன்னும் கூடும். கவர் இல்லாத இடத்தில் கம்பி துருப்பிடிக்கும். துரு, இரும்பைப் போல் பல மடங்கு இடம் கேட்கும். அந்த அழுத்தத்தில் கான்கிரீட் பெயர்ந்து விழும். தெருவில் போகும்போது ஏதாவது சன்ஷேடின் அடியில் கம்பி வரிவரியாகத் தெரிந்தால் நின்று பாருங்கள், கவர் எவ்வளவு இருந்தது என்பது உடைந்த ஓரத்தில் தெரியும்.

கம்பியின் எடைக்கு ஒரு குறுக்குக் கணக்கு: விட்டத்தை மி.மீ.-இல் எடுத்து வர்க்கமாக்கி 162-ஆல் வகுத்தால் ஒரு மீட்டருக்கு எத்தனை கிலோ என்று வரும். 12 மி.மீ. கம்பி 144 ÷ 162, அதாவது 0.89 கிலோ.

கல்லையும் மரத்தையும் இங்கே சுருக்கமாகவே சொல்கிறேன். அடுக்கடுக்காக உருவான கல்லை, மண்ணுக்குள் எப்படிப் படுத்திருந்ததோ அப்படியே சுவரிலும் படுக்க வைக்க வேண்டும். நிமிர்த்தி வைத்தால் ஏடு ஏடாக உரியும். மரம் காயும்போது நீளத்தில் அநேகமாகச் சுருங்காது. குறுக்கே சுருங்கும், அதிலும் ஆண்டு வளையத்தின் போக்கில் அதிகம். அகலமான பலகை கிண்ணம் போல் வளைவது அதனால்தான். பலகையின் முனையில் வளையம் எந்தப் பக்கம் வளைந்திருக்கிறது என்று பார்த்தால், அது எந்தப் பக்கம் வளையப் போகிறது என்றும் சொல்லிவிடலாம்.

கட்டும் வரிசை

சுமை சுவர் வழியாக இறங்குகிறதா, தூண் வழியாக இறங்குகிறதா? எந்தக் கட்டடத்தைப் பார்த்தாலும் முதலில் இதைக் கேளுங்கள். சுவர் தாங்கும் கட்டடத்தில் மேல்மாடிச் சுவருக்கு நேர் கீழே சுவர் வேண்டும். சன்னலை இஷ்டத்துக்கு அகலமாக்க முடியாது. தூண்-உத்திரக் கட்டடத்தில் சுவர் வெறும் மறைப்பு. ஆனால் அந்த மறைப்புக்கும் எடை உண்டு. 230 மி.மீ. செங்கல் சுவர் 3 மீட்டர் உயரத்தில், ஒரு மீட்டர் நீளத்துக்கே சுமார் 1,300 கிலோ. அடியில் உத்திரம் இல்லாத தளத்தின் நடுவே அப்படி ஒரு சுவரை வரையும் முன் இந்த எண்ணை நினைத்துக் கொள்ளுங்கள்.

தரையில் குறியிடுவதற்குக் கயிறும் நாடாவும் போதும். ஒரு பக்கம் 3 மீட்டர், மறுபக்கம் 4 மீட்டர், குறுக்கே 5 மீட்டர் வந்தால் மூலை சரி. இடம் பெரிதாக இருந்தால் 6, 8, 10 என்று எடுங்கள். முக்கோணம் பெரிதாக ஆக பிழை குறையும். கடைசியில் முழுச் செவ்வகத்தின் இரண்டு மூலைவிட்டங்களையும் அளந்து சமமா என்று பாருங்கள். மட்டத்துக்கு, தண்ணீர் நிரப்பிய ஒளி ஊடுருவும் குழாயை விடச் சிறந்த ஆசான் மாணவருக்கு இல்லை. குழாய்க்குள் காற்றுக் குமிழி இருந்தால் மட்டம் பொய் சொல்லும், அதை மட்டும் கவனியுங்கள்.

கான்கிரீட் வார்க்க அச்சுப் பலகை அடிப்பது கட்டடத்தைத் தலைகீழாகக் கட்டுவது போன்ற வேலை. 150 மி.மீ. தளம் ஒரு சதுர மீட்டருக்குச் சுமார் 375 கிலோ. 4க்கு 5 மீட்டர் அறை என்றால் 7,500 கிலோ, அதுவும் தன்னைத் தானே தாங்கத் தெரியாத ஈரக் கான்கிரீட். ஆட்களின் எடை தனி. முட்டுக்கால் நிற்கும் தரை இளகியிருந்தால் எல்லாம் வீண். தூணின் பக்கப் பலகையை மறுநாளே எடுக்கலாம். தளத்தின் முட்டுக்காலை ஒன்றிரண்டு வாரம் தொடக்கூடாது, பெரிய உத்திரத்துக்கு மூன்று வாரம்கூட ஆகலாம். சரியான நாளைக் கட்டமைப்புப் பொறியாளர்தான் சொல்ல வேண்டும். நீட்டிய பால்கனிக்கு வெளிமுனை முட்டுக்காலை முதலில் எடுத்து, அப்படியே உள்ளே வர வேண்டும். இரண்டு பக்கம் தாங்கிய தளத்துக்கு நடுவிலிருந்து ஓரத்துக்குப் போக வேண்டும். ஏன் என்பதற்கு அந்த ஸ்பாஞ்சையே மறுபடி எடுத்துப் பாருங்கள்.

வேலை நடக்கும் இடத்துக்குப் போகும்போது தலைக்கவசம், தடித்த அடிப்பகுதி உள்ள காலணி, நாடா, நோட்டு. பிரித்துப் போட்ட பலகைகளில் ஆணி மேல்நோக்கி நிற்கும், பார்த்து நடங்கள். படம் பிடிப்பதைக் குறைத்துவிட்டு ஒரே ஒரு மூலையை அரைமணி நேரம் நின்று வரையுங்கள். கொத்தனாரிடம் கேட்க வேண்டிய கேள்வி, "இதை எப்படிச் செய்கிறீர்கள்?" என்பதல்ல, "இதற்கு முன்னால் என்ன முடிந்திருக்க வேண்டும்?" என்பது. என்னிடம் ஒரு மூத்த கொத்தனார், "தம்பி, கதவு நிலையை வைக்கிறதுக்கு முன்னாடி தரை எவ்வளவு ஏறும்னு சொல்லுங்க" என்று கேட்டார். என் படத்தில் தரைப்பூச்சின் தடிமனே இல்லை. அவர் கேட்டிருக்காவிட்டால் கதவைப் பின்னால் அடியில் அறுத்திருப்போம்.

அதன் பிறகு நான் எல்லா மாணவர்களுக்கும் கொடுக்கும் பயிற்சி ஒன்று. அடித்தளம் தொடங்கிக் கைப்பிடிச்சுவரின் உச்சிவரை ஒரே ஒரு வெளிச்சுவரின் குறுக்குவெட்டை 1:10-இல் வரையுங்கள். ஒவ்வொரு பொருளின் பக்கத்திலும் அது எத்தனையாவதாக வேலைக்கு வரும் என்று எண் போடுங்கள். ஐந்தாவது பொருளைத் தாங்க ஏழாவது வேண்டும் என்று வந்தால் படம் தவறு. அது சரியானதும் நீலப் பென்சிலை எடுத்து மழைத்துளி ஒன்றின் பாதையை மேலிருந்து வரையுங்கள். கைப்பிடிச்சுவரின் தலை எந்தப் பக்கம் சரிகிறது? சன்ஷேடின் அடியில் துளி பின்னோக்கி ஊர்ந்து சுவருக்கு வராமல் தடுக்க ஒரு காடி, அதாவது நீளப் பள்ளம், இருக்கிறதா? சன்னல் அடிக்கல் சுவரை விட்டு வெளியே நீட்டியிருக்கிறதா? மண்ணிலிருந்து ஈரம் ஏறாமல் அடிச்சுவரின் மேல் தடுப்பு அடுக்கு இடைவெளி விடாமல் போகிறதா? நீலக்கோடு சுவருக்குள் நுழையும் இடத்தை வட்டமிட்டு, அந்த இடத்தை மட்டும் 1:5-இல் தனித்தாளில் மறுபடி வரையுங்கள்.